காட்டுக்குள்ள போகாத பஸ்: மலை நேஷனல் பார்க் டூர் எப்படி ஓடுது?

ஏப்ரல் வந்தா போதும், கடலூர் மஞ்சக்குப்பத்துல இருந்து திருப்பாதிரிப்புலியூர் வரைக்கும் டீக்கடை சுவரு, ஜெராக்ஸ் கடை கண்ணாடி எல்லாத்துலயும் டூர் நோட்டீஸ் ஒட்டிருப்பாங்க, பாண்டி பக்கம்னா அதே நோட்டீஸ் வாட்ஸப் குரூப்ல வரும். 5 நாள் 4 ராத்திரி, ஊட்டி, முதுமலை, பந்திப்பூர், மூணாறு, 6 தேசிய பூங்கா, புஷ்பேக் சீட்டு, மூணு வேளையும் நம்ம ஊரு சாப்பாடு, கூடவே கைடு. போயிட்டு வந்தவங்கள கேட்டா பாதிப்பேரு சொல்றது இதான்: சாப்பாடு குறை சொல்ல முடியாது, குளிரு தாங்கல, ஆனா காட்டை எங்கப்பா காட்டுனாங்க, முக்கால்வாசி நேரம் பஸ்லயேதான உக்காந்திருந்தோம்.

டூர்காரன் ஏமாத்திட்டான்னு உடனே முடிவு பண்ணிடுறாங்க. சில பேரு ஏமாத்துறதும் உண்டு, இல்லன்னு சொல்லல. ஆனா விஷயம் என்னன்னா இந்த மாதிரி டூர்ல எத்தனை மணிக்கு எங்க இருக்கணும்னு முடிவு பண்றது டூர்காரனே கிடையாது, காட்டு இலாகா கேட்டும், கோர்ட்டு ஆர்டரும், மலை ரோட்டோட வளைவும்தான். இது மூணும் எப்படி வேலை செய்யுதுன்னு தெரிஞ்சா நோட்டீஸ கையில வாங்குன உடனே எது நடக்கும் எது நடக்காதுன்னு நம்மளே சொல்லிடலாம்.

முதல்ல தேசிய பூங்காங்கறதே என்னன்னு பாப்போம். பூங்கான்னு பேரு இருக்குறதால நம்ம பாண்டி பாரதி பூங்கா மாதிரி உள்ள போய் சுத்துற இடம்னு ஒரு நெனப்பு வந்துடுது. 1972ம் வருஷத்து வனவிலங்கு பாதுகாப்புச் சட்டப்படி இருக்குறதுலயே ரொம்ப கெடுபிடியான காடு இதுதான், மேய்ச்சலுக்குக்கூட மாடு ஓட்டிட்டுப் போக முடியாது, அனுமதி இல்லாம ஆளும் நுழைய முடியாது. தமிழ்நாட்டுல மொத்தமே 5 தேசிய பூங்காதான் இருக்கு. அதுல ஒண்ணு சென்னை கிண்டி, ஒண்ணு மன்னார் வளைகுடா கடல், மிச்சம் மூணுதான் மலை: முதுமலை, முக்குருத்தி, ஆனைமலை. இந்த மூணுல முக்குருத்தி 78 சதுர கிலோமீட்டர் சொச்சம், முழுக்க புல்வெளியும் சோலைக்காடும், வரையாடுங்கற மலை ஆடு இருக்குற இடம், சாதாரண டூர் பஸ் ஆளுங்களுக்கு அங்க வேலையே இல்ல. ஆனைமலையில தேசிய பூங்கான்னு அறிவிச்ச துண்டு கரியன் சோலை, புல்மலை, மஞ்சம்பட்டி, அங்கயும் நினைச்சா போயிட முடியாது. அப்போ நோட்டீஸ்ல இருக்குற அந்த 6 எங்க இருந்து வந்துச்சு? புலிகள் காப்பகம், சரணாலயம், தேசிய பூங்கா எல்லாத்தையும் ஒண்ணா சேத்து எண்ணிருப்பாங்க, அதோட பஸ் எந்தெந்த காட்டு வழியா கடந்து போகுதோ அதையும் பாத்த கணக்குல எழுதிருப்பாங்க. சிதம்பரத்துக்கு ரயில்ல போனவன் ஜன்னல்ல தெரிஞ்ச ஸ்டேஷன் எல்லாம் நான் பாத்த ஊருன்னு சொல்ற மாதிரிதான்.

உள்ள போகலாம்னு விட்டிருக்குற காட்டுலயும் எல்லா இடத்துக்கும் போக முடியாது. 2012 ஜூலையில சுப்ரீம் கோர்ட்டு புலிகள் காப்பகத்தோட மையப்பகுதில டூரிஸமே கூடாதுன்னு இடைக்காலத் தடை போட்டுச்சு, அந்த அக்டோபர்லயே தடைய எடுத்துட்டு, தேசிய புலிகள் பாதுகாப்பு ஆணையம் கொடுத்த வழிமுறைப்படி நடக்கணும்னு சொல்லிடுச்சு. அந்த வழிமுறைல முக்கியமானது, மையப்பகுதில 20 சதவீதத்துக்கு மேல டூரிஸத்துக்கு விடக்கூடாதுங்கறது. முதுமலைய எடுத்துக்குங்க, மையப்பகுதி மட்டும் 321 சதுர கிலோமீட்டர், சுத்தி இருக்குற பகுதியும் சேத்தா 688. அவ்ளோ பெரிய காட்டுல நமக்கு காட்டுறது தெப்பக்காட்ட சுத்தி இருக்குற சில தடம் மட்டும்தான், அதுவும் காட்டு இலாகா வேன்ல. நம்ம பஸ் தெப்பக்காட்டுல வெளியவே நிக்கும். இது நம்ம டூருக்கு மட்டும் வந்த சோதனை இல்ல, எல்லா ஊரு பஸ்ஸும் அங்க நின்னுதான் ஆகணும்.

இந்த எடத்துல ஒரு குழப்பம் வரும். ஊட்டி, கூடலூர்ல இருந்து மைசூரு போற ரோடு முதுமலை, பந்திப்பூர் ரெண்டு காட்டையும் நடுவுல கிழிச்சிட்டுதான் போகுது, அந்த ரோட்டுல நம்ம பஸ் தாராளமா போகலாம், மான் கூட்டம் நிச்சயம் தெரியும், அதிர்ஷ்டம் இருந்தா ரோட்டோரமா யானை. ஆனா அது நெடுஞ்சாலை, சஃபாரி கிடையாது. நிறுத்தக்கூடாது, இறங்கக்கூடாது, குரங்குக்கு பிஸ்கட் போட்டா ஃபைன் கட்டணும். நிறைய டூர்ல பந்திப்பூர் பாக்குறதுன்னா இந்த ரோட்டைக் கடக்குறதுதான். காசு கொடுக்கறதுக்கு முன்னாடி "பந்திப்பூர் சஃபாரியா, பந்திப்பூர் ரோடா?"ன்னு ஒரே ஒரு கேள்வி கேட்டுடுங்க.

அடுத்தது நேரம். ஏன் சார் எங்கள ராத்திரியோட ராத்திரியா எழுப்பி அலைய விடுறீங்கன்னு பஸ்ல தினமும் ஒரு சண்டை நடக்கும். அதுக்குக் காரணம் ராத்திரி தடை. பந்திப்பூர் வழியா போற ரெண்டு ரோட்டுலயும், அதாவது கூடலூர் போற ரோடும் சுல்தான் பத்தேரி போற ரோடும், 2009ல இருந்து ராத்திரி 9 மணிக்கு கேட்டை மூடிட்டா காலைல 6 மணிக்குத்தான் திறப்பாங்க. ராத்திரில வண்டி அடிச்சு செத்த மிருகம் ரொம்ப அதிகமானதாலதான் இந்த தடையே வந்துச்சு, கேரளா பக்கத்துல இருந்து எத்தனையோ எதிர்ப்பு வந்தும் எடுக்கல. சத்தியமங்கலம் பக்கம் திம்பம் மலைப்பாதை, 27 கொண்டை ஊசி வளைவு, அங்க 2022 பிப்ரவரில இருந்து சென்னை ஐகோர்ட்டு உத்தரவுப்படி கனரக வண்டிங்களுக்கு சாயங்காலம் 6லயே தடை ஆரம்பிச்சிடுது. இப்ப யோசிச்சுப் பாருங்க, மைசூரு அரண்மனைல விளக்கு போடுற நேரம் வரைக்கும் நிப்போம்னு நாலு பேரு அடம்பிடிச்சா, அன்னைக்கு ராத்திரி முதுமலைல ரூம் போட்டிருந்தாலும் பஸ் பந்திப்பூர் காட்டுக்கு முன்னாடி இருக்குற குண்டுலுப்பேட்டைய தாண்டாது. டூர் மேனேஜர் கத்துறது அந்த 9 மணி கேட்டை நெனச்சுதான்.

நம்ம ஊர்ல இருந்து கிளம்புற நேரமும் இதே கணக்குதான். பாண்டில இருந்தோ கடலூர்ல இருந்தோ ராத்திரி சாப்பாட்டுக்கு அப்புறம் வண்டி எடுத்து, உளுந்தூர்பேட்டை, சேலம், அவிநாசின்னு விடியக்காலைல மேட்டுப்பாளையம் சேந்துடுவாங்க. சமவெளி ரோடு முழுக்க ராத்திரில ஓட்டி முடிச்சிட்டு, வெளிச்சம் வந்ததும் மலை ஏறணும். டிரைவர் மாத்தணும், இல்லன்னா மேட்டுப்பாளையத்துல ரெண்டு மணி நேரமாவது தூங்க விடணும். ராத்திரி பூரா ஓட்டுன அதே ஆளே காலைல மலையும் ஏத்துறாருன்னா அந்த டூர்ல ஏறாதீங்கன்னுதான் சொல்வேன், சீட்டு எவ்ளோ மெத்தையா இருந்தாலும் சரி. புக் பண்ணும்போது எல்லாரும் ஏசியா, டிவி இருக்கா, ஜன்னல் சீட்டு கிடைக்குமான்னுதான் கேக்குறாங்க, எத்தனை டிரைவர்னு கேக்குற ஆள நான் பாத்ததே இல்ல.

மலை ரோடுன்னு வந்தா பஸ்ஸோட நீளம்தான் எல்லாத்தையும் முடிவு பண்ணும். மேட்டுப்பாளையத்துல இருந்து குன்னூர் ஏறுற வழில 14 கொண்டை ஊசி வளைவு, பெரிய பஸ்ஸு ஏறிடும், ஆனா சில வளைவுல எதிர்ல வர்ற வண்டி ஒதுங்கி நின்னாதான் திரும்பும். மலைல ஏறுற வண்டிக்குத்தான் முதல் வழி, இறங்குற வண்டி நின்னு விடணும், இது பழக்கம் மட்டும் இல்ல, விதியே அதுதான். ஊட்டில இருந்து மசினகுடி போறதுக்கு கல்லட்டி வழின்னு ஒரு குறுக்கு வழி இருக்கு, 36 கொண்டை ஊசி, அவ்ளோ செங்குத்து. அங்க கவுந்த வண்டிங்க அதிகம்ங்கறதால வெளியூர் டூரிஸ்ட் வண்டிய ஊட்டில இருந்து கீழ இறங்க விடுறதில்ல. அதனால டூர் பஸ்ஸு நடுவட்டம், கூடலூர்னு சுத்திக்கிட்டுதான் தெப்பக்காடு போகும், கிட்டத்தட்ட ரெண்டு மடங்கு தூரம். கூகுள் மேப்ப வச்சிக்கிட்டு "ஏன்ப்பா சுத்துற"ன்னு டிரைவர்கிட்ட மல்லுக்கு நிக்கிறவங்களுக்கு இது தெரிஞ்சா போதும்.

இறங்குறதுதான் ஏறுறத விட ஆபத்து. ஏறுன கியர்லயே இறங்குன்னு பழைய டிரைவருங்க சொல்வாங்க. எடை நிறைஞ்ச பஸ்ஸ பிரேக்க மட்டும் மிதிச்சு இறக்குனா டிரம்மு சூடேறி ஒரு கட்டத்துல மிதிச்சாலும் பிடிக்காது, அதனால செகண்ட் கியர்ல போட்டு இன்ஜினே வண்டிய பிடிச்சிட்டு வர்ற மாதிரி இறக்கணும். வண்டிக்குள்ள துணி கருகுற மாதிரி ஒரு வாடை வந்தா அது பிரேக்குதான், அப்போ டிரைவர் ஓரம் கட்டி அரை மணி நேரம் ஆற விட்டா முணுமுணுக்காம இறங்கி டீ குடிங்க. கிளீனர் பையன் சக்கரத்துக்கு கல்லு வச்சிட்டு பக்கத்துலயே நிப்பான். கிளம்பும்போது சக்கரத்துக்கு அடியில நசுங்குன எலுமிச்சம்பழம் மேல நம்பிக்கை வைக்கலாம், தப்பில்ல, ஆனா அந்த அரை மணி நேரத்துலதான் உசுரு இருக்கு.

வாந்தி பத்தி கேக்காத ஆளே கிடையாது. நமக்கு கடல் மட்டத்துல பொறந்து வளந்த உடம்பு, அங்க ஊட்டி 2200 மீட்டருக்கு மேல, தொட்டபெட்டா 2637 மீட்டர். ஆனாலும் ஊட்டி உயரத்துக்கு மூச்சுப் பிரச்சனை எல்லாம் பெரும்பாலும் வராது, வர்றது எல்லாம் வளைவுல வர்ற தலைசுத்தல்தான். கடைசி வரிசை சீட்டு பின்சக்கரத்துக்கும் பின்னாடி தொங்குறதால ஒவ்வொரு வளைவுலயும் வாலு மாதிரி வீசும், வயசானவங்களையும் குழந்தைங்களையும் அங்க உக்கார வைக்கவே கூடாது. ஏறுறதுக்கு முன்னாடி வயிறு முட்ட பொங்கல் சாப்பிடாம இருந்தாலே பாதி சரியாகிடும், மிச்சத்துக்கு இஞ்சி மரப்பா.

சாப்பாடுன்னு சொன்னதும் சமையல் டீம் ஞாபகம் வருது. நம்ம பக்கத்து டூரோட தனிச்சிறப்பே அதான், பஸ்லயே அண்டா, கேஸ் அடுப்பு, ஒரு மாஸ்டர், ரெண்டு ஆளு. ஊட்டில போய் இறங்குன உடனே மாஸ்டருக்கு ஒரு தலைவலி ஆரம்பிக்கும். அந்த உயரத்துல தண்ணி 92, 93 டிகிரிலயே கொதிச்சிடும், கொதிக்குதேன்னு அரிசியப் போட்டா அண்டாவுல வேக ரொம்ப நேரம் ஆகும், பருப்பு கேக்கவே வேணாம். விவரமான மாஸ்டர் மேட்டுப்பாளையத்துலயே சாம்பார், புளியோதரை முடிச்சி எடுத்துட்டு வருவாரு, இல்லன்னா குக்கர் கொண்டு வருவாரு. மத்தியான சாப்பாடு மூணரைக்கு வந்துச்சுன்னா காரணம் இதுவா இருக்கலாம்.

மலை அடிவாரத்து செக்போஸ்ட்ல இன்னொரு கூத்து நடக்கும். நீலகிரி மாவட்டத்துல பிளாஸ்டிக் தண்ணி பாட்டில் தடை. ஆளு பஸ்ல ஏறி, மேல் ரேக்கு, சீட்டுக்கு அடில, சமையல் சாமான் மூட்டை எல்லாத்தையும் தட்டிப் பாப்பாரு. மாஸ்டரு பெரிய சாக்கு மூட்டைக்கு அடில பதுக்கி வச்ச தண்ணி பாட்டில் கேஸு அப்படியே வெளிய வரும், பிளாஸ்டிக் கப்பும் தட்டும் கூடவே வரும், ஃபைன் யாரு கட்டுறதுன்னு டூர் மேனேஜருக்கும் மாஸ்டருக்கும் பஸ்ஸு வாசல்லயே பஞ்சாயத்து. வீட்டுல இருந்து ஒரு எவர்சில்வர் பாட்டில் எடுத்துட்டுப் போனா நமக்கு இந்தத் தொல்லை இல்ல.

இ-பாஸ் விஷயம் புதுசு. 2024 மே 7ம் தேதில இருந்து ஊட்டி, கொடைக்கானலுக்கு வெளியூர் வண்டிங்க இ-பாஸ் எடுத்துட்டுதான் போகணும்னு சென்னை ஐகோர்ட்டு சொல்லிடுச்சு. 2025 ஏப்ரல்ல இருந்து சீசனுக்கு எண்ணிக்கையும் வச்சாங்க, நீலகிரிக்கு வார நாள்ல ஒரு நாளைக்கு 6000 வண்டி, சனி ஞாயிறுல 8000. கணக்கு வண்டிக்குத்தான், ஆளுக்கு இல்ல. நாலு பேரு போற காரும் ஒரு பாஸு, நாப்பது பேரு போற பஸ்ஸும் ஒரு பாஸு. இந்த விதத்துல பாத்தா மே மாசத்துல மலைக்குப் போகணும்னா பஸ் டூருதான் நியாயமான வழின்னு எனக்குத் தோணுது, அந்த ஊரு ரோடு தாங்காது.

ஆனா மே மாசத்துல ஏன் போகணும்ங்கறதுதான் பெரிய கேள்வி. இங்கதான் நம்ம காலண்டரும் காட்டோட காலண்டரும் முட்டிக்குது. டூர்காரங்க பள்ளிக்கூட லீவ வச்சுதான் தேதி போடுறாங்க, காட்டுக்கு அது தெரியாதுல்ல.

மூணாறு பக்கம் இரவிகுளம் தேசிய பூங்காவ எடுத்துக்குங்க, 97 சதுர கிலோமீட்டர், வரையாட்டுக்குன்னே 1978ல தேசிய பூங்காவாக்குன காடு, தென்னிந்தியாவுலயே உசரமான ஆனைமுடி 2695 மீட்டர் அதுக்குள்ளதான் இருக்கு. வரையாடு குட்டி போடுற சமயம்னு வழக்கமா பிப்ரவரி, மார்ச் ரெண்டு மாசமும் அங்க ஜனங்கள விடமாட்டாங்க. அதே மாசங்கள்ல தமிழ்நாட்டுக் காடெல்லாம் காஞ்சு கிடக்கும், காட்டுத்தீ பயம். 2018 மார்ச்ல தேனி மாவட்டம் குரங்கணில மலையேறப் போனவங்க தீயில சிக்கி 23 பேரு செத்தாங்களே, அதுக்கப்புறம் மலையேற்றத்துக்கு கெடுபிடி ஜாஸ்தியாகிடுச்சு. மார்ச்ல டூர் போட்டு நோட்டீஸ்ல வரையாடு படம் போட்டிருந்தா அது படத்தோட சரி.

ஜூன்ல இருந்து செப்டம்பர் வரைக்கும் நமக்கு வெயிலு கொளுத்தும், மழைன்னா நமக்கு ஐப்பசி கார்த்திகைதான். அதனால ஆகஸ்ட்ல லாங் லீவு வந்தா மூணாறு, வயநாடுன்னு நம்ம ஆளுங்க கிளம்பிடுறாங்க. ஆனா மேற்கு மலையோட அந்தப் பக்கத்துல தென்மேற்குப் பருவமழை உச்சத்துல இருக்குற நேரம் அது. 2020 ஆகஸ்ட்ல இரவிகுளத்துக்குப் பக்கத்துலயே பெட்டிமுடில தேயிலைத் தோட்ட லைன் வீடுங்க மேல மண்ணு சரிஞ்சது, 2024 ஜூலை 30ம் தேதி வயநாட்டுல முண்டக்கை, சூரல்மலை ரெண்டு ஊரே போச்சு. சரி, நம்ம மழை சமயத்துல போலாமான்னா, ஐப்பசி கார்த்திகைல வடகிழக்குப் பருவமழை நீலகிரியோட கிழக்குச் சரிவ, அதாவது நம்ம பஸ்ஸு ஏறுற குன்னூர், கோத்தகிரி பக்கத்த அடிக்கும். 2009 நவம்பர்ல நீலகிரில 40 பேருக்கு மேல செத்தது இந்த மழைலதான். மேட்டுப்பாளையம் குன்னூர் மலை ரயிலு வருஷா வருஷம் அந்த மாசத்துல நாள் கணக்குல நிக்கிறதும் மண்சரிவாலதான்.

மிச்சம் என்ன இருக்கு? டிசம்பர் கடைசியும் ஜனவரியும், பொங்கல் லீவு. வானம் தெளிவா இருக்கும், காடு இன்னும் பச்சையா இருக்கும், ஊட்டில விடியக்காலைல புல்லு மேல உறைபனி வெள்ளையா படிஞ்சிருக்கும், நம்ம ஊரு ஆளுங்க மஃப்ளரு மேல மஃப்ளரு சுத்திக்கிட்டு போட்டோ எடுப்பாங்க. கூட்டமும் உண்டு, ஆனா மே மாதிரி இல்ல. மிருகம்தான் முக்கியம்னா ஏப்ரல் முதல் பாதி, இரவிகுளமும் திறந்திருக்கும், முதுமலைல இலை உதிர்ந்து போயிருக்கறதால தூரம் வரைக்கும் கண்ணு போகும், தண்ணிக்காக மிருகங்க மாயாறு பக்கம் வரும். பாக்குறதுக்கு பச்சையே இருக்காது, மொட்டையா இருக்கும், அதப் பாத்து ஏமாந்து போறவங்களும் இருக்காங்க.

கைடு விஷயத்துக்கு வர்றேன், ஏன்னா எனக்கு ரொம்ப நாளா இருக்குற ஆத்தாமை இது. நம்ம டூர்ல மைக் பிடிச்சிட்டு வர்றவரு டூர் மேனேஜர், ரூமு, சாப்பாடு, ஆள் எண்ணிக்கை எல்லாம் அருமையா பாத்துப்பாரு, ஆனா காட்டைப் பத்தி கேட்டா எந்தப் படம் எந்த மரத்தடில எடுத்தாங்கன்னுதான் சொல்வாரு. காடு தெரிஞ்சவங்க காட்டு இலாகா வேன்லயும் முகாம்லயும் இருக்காங்க, முதுமலை பக்கம் காட்டுநாயக்கர், இருளர், குறும்பர், இரவிகுளம் பக்கம் முதுவர். வேன் ஓட்டுறவரு திடீர்னு வண்டிய ஆஃப் பண்ணிட்டு பேசாம இருப்பாரு, நமக்கு ஒண்ணும் தெரியாது, அவரு கைய மட்டும் நீட்டுவாரு, அப்பவும் தெரியாது, ஒரு நிமிஷம் கழிச்சு மூங்கில் புதரே அசையுற மாதிரி இருக்கும், அது யானையோட காது. அந்த ஒரு நிமிஷத்துல நம்ம வேன்ல யாராவது "எங்க எங்க"ன்னு கத்துனா முடிஞ்சுது.

சஃபாரில ஒண்ணும் தெரியாம போனாலும் தெப்பக்காடு முகாம்ல யானைங்களுக்கு சாப்பாடு போடுறத விட்டுடாதீங்க. காலைலயும் சாயங்காலமும் நடக்கும். கேழ்வரகு, கொள்ளு எல்லாம் வேக வச்சு செங்கல் மாதிரி கட்டி கட்டியா பிடிச்சு, ஒவ்வொரு யானைக்கும் எவ்ளோன்னு அளந்து வச்சிருப்பாங்க, மாவுத்தரு கட்டிய ரெண்டு கையால உருட்டி நேரா வாய்க்குள்ளயே வைப்பாரு, யானை நாக்க சுழட்டி வாங்கிக்கும். நேரம் தவறிப்போனா கிடையாது. கூடலூர் சுத்து வழில பஸ்ஸு லேட்டானா முதல்ல போறது இதுதான்.

இரவிகுளத்துலயும் இதே கதைதான், நம்ம பஸ்ஸு அஞ்சாம் மைல்ல நிக்கும், அங்க இருந்து காட்டு இலாகா பஸ்ல ராஜமலை, அப்புறம் தார் ரோட்டுல ஏத்தம் நடக்கணும். லீவு நாள்ல அந்த பஸ்ஸுக்கு நிக்கிற வரிசை மணிக்கணக்குல போகும். டிக்கெட்ட ஆன்லைன்ல முன்னாடியே எடுக்க முடியும், டூர்காரங்கள்ல சிலரு எடுக்குறாங்க, சிலரு அங்க போய் பாத்துக்கலாம்னு விட்டுடுறாங்க. என்ட்ரன்ஸ் தனின்னு நோட்டீஸ்ல பொடி எழுத்துல போட்டிருந்தா பெரும்பாலும் ரெண்டாவது ரகம்தான். மேல போனா வரையாடு ரோட்டோரத்துலயே மேயும், ஆள கண்டு பயப்படாது. குறிஞ்சி பூக்குறது 2018ல முடிஞ்சுது, அடுத்து 2030.

அதனால 5 நாளுக்கு 6 பூங்கான்னு போட்டிருந்தா நான் போகமாட்டேன், 4 நாளுக்கு ரெண்டு காடு, ஒவ்வொண்ணுலயும் ஒரு ராத்திரி தங்கல், காலைல முதல் வேன்ல சஃபாரின்னு போட்டிருந்தா காசு கொஞ்சம் ஜாஸ்தின்னாலும் அதுதான் சரி. ஆனா அந்த மாதிரி நோட்டீஸ் கடலூர்ல ஒட்டுனா ஆளு சேராதுன்னு டூர்காரங்க சொல்றாங்க, இடம் கம்மியா இருக்கேன்னு ஜனங்க கேக்குறாங்களாம். அதுலயும் உண்மை இருக்கு.

தேசிய பூங்காங்கற பேர விட்டுட்டுப் பாத்தா பொள்ளாச்சி பக்கம் ஒரு நல்ல வழி இருக்கு. பரம்பிக்குளம் புலிகள் காப்பகம், கேரளாவோடது, ஆனா வண்டில போகணும்னா தமிழ்நாட்டு வழிதான், சேத்துமடை, டாப்சிலிப் தாண்டிதான் போகணும். தேசிய பூங்கா கிடையாது, இருந்தும் காட்டு இலாகா வேன்ல கைடோட பல மணி நேரம் உள்ள கூட்டிட்டுப் போறாங்க, காட்டெருமையும் மானும் கூட்டம் கூட்டமா பாக்கலாம், கன்னிமாரா தேக்குன்னு பல நூறு வருஷத்து மரம் இருக்கு, அஞ்சு பேரு கை கோத்தாதான் கட்டிப்பிடிக்க முடியும். ரெண்டு மாநிலத்து கேட்டுலயும் தனித்தனியா காசு கட்டணும், அடையாள அட்டை கையில இருக்கணும். வேன்ல சீட்டு குறைவுங்கறதால நாப்பது பேரு பஸ்ஸா போனா எல்லாருக்கும் ஒரே நாள்ல கிடைக்காது, பதினஞ்சு இருபது பேரு சேந்து சின்ன வண்டியா எடுத்துட்டு, முன்கூட்டியே புக் பண்ணிட்டுப் போறதுதான் தோது.